தனக்காவுக்குக் கீழே

பர்மாவில், தாகேதா பேட்டையின் டியூஷன் அறையில் கரண்ட் இல்லை. சன்னல் வெயில் கரும்பலகையில் வரைந்த ஏதென்ஸ் குன்றின்மேல் விழுந்து கிடக்கிறது. பாடம் நடத்துகிறவள் வீட்டில் தவமணி, வகுப்புப் பிள்ளைகளுக்கு டாவ் கின் மா என்ற பர்மியப் பெயர்க்காரி. பர்மிய மொழியில் மடமடவென்று சொல்லிக்கொண்டு போகிறாள்: பெர்சியர் எரித்த நகரம், அதில் மறுபடி எழும்பிய கோயில், அது தேவாலயமாகி, மசூதியாகி, வெடிமருந்துக் கிடங்காகி, ஒருநாள் வெடித்துச் சிதறிய கதை. காலையில் இட்ட திருநீறு தெரியாதபடி, வழக்கம்போல நெற்றி முழுக்கத் தனக்கா மரச்சாந்தைத் தடிமனாக அப்பியிருக்கிறாள். “சயாமா, அவ்வளவு கல்லையும் மலையிலேருந்து யாரு இழுத்தா?” என்று டீச்சரைக் கேட்கிறான் பின்வரிசைப் பையன். “அடிமைங்க. பொழைக்க வந்த வெளியூர்க்காரங்க.” “நம்ம ஊரு பழைய கட்டடத்துக்கெல்லாம்?”

அவள் வாயில் அந்தச் சொல் தானாக வருகிறது, இந்தியர்களைக் கேவலமாகச் சொல்ல இந்த ஊர் வைத்திருக்கும் சொல். செங்கல் சுமக்கக் கப்பலேறி வந்த அவள் பூட்டனையும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். வகுப்பு சிரிக்கிறது, அவளும் சிரிக்கிறாள். முன்வரிசையில் சுகந்தி மட்டும் சிரிக்கவில்லை. வெள்ளிக்கிழமை கோயிலில் “தவமணியக்கா” என்று ஓடிவருகிற பெண். அவள் நெற்றியில் திருநீறு பளிச்சென்று இருக்கிறது. தவமணியின் சிரிப்பு பாதியில் நின்றுபோகிறது. சாக்பீஸ் விரலுக்குள் பொடிகிறது. அக்காவின் நெற்றியையே பார்த்தபடி சுகந்தி விரலை நாக்கில் நனைக்கிறாள், தன் கன்னத்தில் பூசியிருந்த தனக்காவைக் குழைக்கிறாள், மெதுவாக மேலே இழுத்துத் திருநீற்றின்மேல் பூசிக்கொள்கிறாள்.