குளிக்கிறாரு

மார்ச் 12. சட்டத்தரணியின் அலுவலக நாட்குறிப்பில், வழக்கின் கட்சிக்காரரிடம் கையெழுத்து வாங்கவேண்டிய திகதியைப் பிழையாகக் குறித்திருந்தேன். அவசரமாகக் கெலிஓயாவில் அவர் வீட்டுக்கு ஓடினேன். ஓய்வுபெற்ற தபாற்காரர் முத்துக்கருப்பனின் பென்சன் வழக்கு ஒன்பது வருடமாக இழுபடுகிறது.

“குளிக்கிறாரு தம்பி, இருங்க,” என்றார் மனைவி ராமாயி.

உள்ளே அரைமணி நேரமாகத் தண்ணீர் விழுந்தது.

“இன்னைக்குக் கையெழுத்து இல்லாட்டி வழக்கைத் தள்ளிருவாங்கம்மா.”

அவர் உள்ளே போனார். தண்ணீர் நின்றது. தனியாகத் திரும்பினார்.

“அவரு செத்து எட்டு மாசம் தம்பி. சொன்னா கேஸை மூடிருவீங்கன்னு பயந்துட்டேன்.”

“இல்லம்மா, உங்க பேர்ல தொடரலாம்.”

“அப்ப சும்மாவா இவ்வளவு தண்ணியத் திறந்துவிட்டேன்?” என்று சிரித்தார்.

பஸ்ஸில்தான் சந்தேகம் வந்தது. அதற்கு ஒரு காலக்கெடு இருப்பதாக மாலைச் சட்ட வகுப்பில் சொன்னார்களே!

நாளை: எட்டு மாதம் கடந்தும் மனைவி வழக்கைத் தொடர முடியுமா என்று சட்டத்தரணியிடம் கேட்க வேண்டும்.