கீழே வைக்க முடியாத கொம்பு

திபிலிசி நகரத்து வீட்டு முற்றத்தில், விருந்து மேசைக்கு மேலே திராட்சைப் பந்தலில் மாலை வெயில் சல்லடையாக இறங்குகிறது. ஏழாவது படத்துக்குப் பரிசு வாங்கிவந்த இயக்குநர் ஷல்வா, வலக்கையில் மது நிரம்பிய மாட்டுக்கொம்போடு நிற்கிறார். விருந்து வழக்கப்படி, நன்றி சொல்லிக் குடித்து முடிக்கும்வரை அதைக் கீழே வைக்க முடியாது. அவருடைய வசனமெல்லாம் மாடிவீட்டு லமாரா அக்கா துணி உலர்த்தியபடி திட்டியவைதான். அதைச் சொல்லத்தான் எழுந்தார், ஆனால் கொம்பையே பார்த்துக்கொண்டு நிற்கிறார். மாடியில் துணிக்கொடியின் கப்பி கிறீச்சிடுகிறது. “என்னடா ஷல்வா, உன் படம் மாதிரியே நிக்கிற? கரன்ட் போச்சா, கதை போச்சான்னு தெரியலையே!” மேசையே அதிரச் சிரிக்கிறது. அக்கா திட்டினால் குறித்துக்கொள்ளும் பழக்கதோஷம், ஷல்வாவின் இடக்கை சட்டைப்பையில் காகிதத்தையும் பென்சிலையும் துழாவுகிறது. “அக்கா, இதைக் கொஞ்சம் பிடியேன்.” அக்கா இறங்கிவந்து, கொம்பை வாங்கி ஒரே மூச்சில் குடித்துவிடுகிறார். “எழுது, எழுது. பேசத்தான் உனக்கு வராதே.” விடுபட்ட கையால், ஈரக் கண்ணோடு, காகிதத்தின் உச்சியில் ஷல்வா எழுதுகிறார்: வசனம், லமாரா.