அண்ணனின் வலப்பக்கம்

போலீஸ்காரருக்குக் காபி வந்துவிட்டது.

எதிர்வீட்டு ஜன்னலில் நின்று லிங்கம் பார்த்துக்கொண்டிருந்தான். அண்ணியின் கைக் காபி. அதே எவர்சில்வர் டம்ளர். போன மாதம்வரை அந்த வீட்டில் அது இவனுடைய டம்ளர்.



மெயின்ரோட்டில் அப்பா விட்டுப்போன கடை யாருக்கு என்பதில் வந்த சண்டை. நடுத்தெருவில் நின்று, “உன்னை வெட்டாம விடமாட்டேன்” என்று அண்ணனைப் பார்த்துக் கத்தியது இவன்தான். கோபத்தில் வந்த வார்த்தை. அண்ணன் வக்கீலிடம் போனார். போலீஸ் பாதுகாப்புக் கொடுக்கச் சொல்லி உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டுவிட்டது.

அண்ணன் வீட்டு வாசலை மிதித்தால் உள்ளே தள்ளிவிடுவோம் என்று சொல்லி, ஸ்டேஷனில் இவனிடம் எழுதியும் வாங்கினார்கள்.

அன்றிலிருந்து அந்த வாசலில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. நாற்காலியில் இந்த ஆள்.

தொப்பையைப் பார். கொட்டாவியைப் பார். எந்நேரமும் செல்போன். இவரா காப்பாற்றப் போகிறார்? ஒருவன் அரிவாளோடு வந்தால் இவரை எழுப்பிவிடவே ஆள் வேண்டும்.

அந்த ஒருவன் தான்தான் என்பது சற்றுப் பொறுத்துத்தான் உறைத்தது.

காபியைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். காலையில் அண்ணன் கடைவீதிக்குக் கிளம்பும்போது அந்த ஆளும் கூடவே நடப்பதைத்தான் தாங்க முடியவில்லை. சிரித்துப் பேசிக்கொண்டு வேறு. அதுவும் அண்ணனுக்கு இடப்பக்கம், கடைகளின் நிழலில்.

அண்ணனுக்கு வலது காது சுத்தமாகக் கேட்காது. வெளியாருக்குத் தெரியாது. தெரிய விடமாட்டார். சின்ன வயதிலிருந்தே ரோட்டுப் பக்கம் நடப்பது இவன்தான். வண்டி வந்தால் முழங்கையை லேசாகத் தொடுவான். அண்ணன் ஒதுங்கிக்கொள்வார்.

நேற்று ஒரு மினிபஸ் அண்ணனை உரசிக்கொண்டு போனது. ஹாரன் அடித்தும் அவர் ஒதுங்கவில்லை. போலீஸ்காரர் செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்புறம் இவனுக்குச் சோறு இறங்கவில்லை.

செருப்பை மாட்டினான்.

“போகாதீங்க, உள்ள போட்ருவாங்க” என்றாள் மனைவி.

தெருவைத் தாண்டினான். போலீஸ்காரர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு லத்தியை எடுத்தார்.

“சார், அண்ணனுக்கு வலது காது கேக்காது. நீங்க ரோட்டுப் பக்கமா நடங்க. வண்டி வந்தா கத்தாதீங்க, முழங்கையத் தொடுங்க, போதும். நான் சொன்னேன்னு சொல்லிராதீங்க.”

 அவர் லத்தியை மடியில் வைத்துக்கொண்டார்.

திரும்பி வரும்போதுதான் இவனுக்குப் புரிந்தது. மிச்சமிருந்த ஒன்றையும் தன் கையாலேயே அந்த ஆளுக்குக் கொடுத்துவிட்டு வருகிறான்.

அண்ணன் வெளியே வந்தார். இருவரும் நடந்தார்கள். போலீஸ்காரர் வலப்பக்கம் மாறிக்கொண்டார்.

பார்க்கக் கூடாது என்று நினைத்தான். வாசலிலேயே நின்று பார்த்தான்.

நாலு வீடு தள்ளி, பின்னாலிருந்து ஒரு லோடு ஆட்டோ வந்தது. போலீஸ்காரர் முழங்கையைத் தொட்டார்.

பாவி, சரியாகத் தொட்டுவிட்டார்.

அண்ணன் ஒதுங்கினார். தலையைத் திருப்பவில்லை. காது கேளாதவர்களுக்கே உரிய உரத்த குரலில் சொன்னார்.

“தெரியுதுடா லிங்கம்.”

யாரைச் சொல்கிறார் என்று போலீஸ்காரர் திரும்பிப் பார்த்தார்.