ஒரு பிடி முடி

சாயங்காலம் எதிர்ச்சாரியில் ஆறு மணிப் பேருந்து கிளம்பியதும் சலூன்காரர் தரையைக் கூட்டுவார். ஆண்களின் குட்டை முடிகளுக்கு நடுவே ஒரு பிடி நீளமுடி கிடக்கும். மனைவி இறந்த வாரத்திலிருந்து இப்படித்தான். பெண்கள் யாரும் அந்தக் கடைப் படி ஏறுவதில்லை.

அவள் முடிதான் என்று அவருக்குத் தெரியும். சிகிச்சையில் அது கொத்துக்கொத்தாய்க் கொட்டியபோது, இதே நாற்காலியில் உட்காரவைத்து, வாசல் திரையை இழுத்துவிட்டு, மிச்சத்தை மழித்தவர் அவர்தான். இப்போது கிடைப்பதோ கத்தரியால் சீராக வெட்டிய முடி. எங்கேயோ நன்றாக வளர்கிறது, யாரோ ஒழுங்காக வெட்டிவிடுகிறார்கள் என்று நினைத்துக்கொள்வார். அந்த நினைப்பில்தான் சோறு தொண்டையில் இறங்கியது.

இன்று கிடந்த பிடி சீராக இல்லை. எடுத்து வெளிச்சத்தில் பார்த்தார். ஒவ்வொரு முடியின் முனையிலும் வெள்ளையாய் வேர் ஒட்டியிருந்தது. வெட்டின முடியில் வேர் இருக்காது. கொட்டின முடியில்தான் இருக்கும்.

எழுந்து திரையை இழுத்துவிட்டார்.

"என்ன மாமா, பொழுது இருக்கும்போதே திரையப் போட்டுட்டீங்க? உங்களுக்கு நீங்களே சவரம் பண்ணிக்கப் போறீங்களா?" பக்கத்துக் கடைத் தையல்காரன் வெளியிலிருந்து சிரித்தான்.

"இல்லப்பா. இன்னும் ஒரு ஆள் இருக்கு."

கத்தியில் புது பிளேடு மாட்டினார். வெந்நீரைப் புறங்கையில் தொட்டுப் பார்த்தார். அவளுக்கு அவ்வளவு சூடு ஆகாது. ஆறும்வரை காலி நாற்காலிக்குப் பின்னால் நின்றார்.