முதல் ஆள்

மைக் அவன் கைக்கு வந்துவிட்டது.

ஊதிப் பார்த்தான். மலை முழுக்க அவன் மூச்சுதான் கேட்டது.

"ரெண்டு வார்த்தை பேசுப்பா. போன தடவ நீதான் மொத ஆளு" என்றார் இன்ஸ்பெக்டர்.

தோளில் சால்வை கிடந்தது. போன தடவை அவரே போர்த்தியது. இன்றைக்கு அதைப் போர்த்திக்கொண்டுதான் வர வேண்டும் என்று ஊர்க்கவுண்டர் ஆள் விட்டுச் சொல்லியிருந்தார். சரிகை கழுத்தை அறுத்தது.

பலா மரத்தடியில் தார்ப்பாய் விரித்திருந்தார்கள். லைசென்ஸ் இல்லாத நாட்டுத் துப்பாக்கி எதுவானாலும் அதன்மேல் வைத்துவிட்டுப் போய்விடலாம். பெயர் எழுத மாட்டார்கள். வழக்கு கிடையாது. ஒரு கேள்வியும் கேட்க மாட்டோம் என்று இன்ஸ்பெக்டர் மைக்கிலேயே வாக்குக் கொடுத்திருந்தார்.

தார்ப்பாய் காலியாகக் கிடந்தது. யார் முதலில் எழுந்திருப்பது என்று ஊரே ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தது.

அதற்குத்தான் அவன்.

போன தடவை அவன் எழுந்த பிறகுதான் மற்றவர்களுக்குத் தைரியம் வந்தது. கைதட்டினார்கள். பேப்பரில் படம்கூட வந்தது. படத்தில் அவன் நீட்டிக்கொண்டிருந்தது ஒரு துருப்பிடித்த குழல். விசை உடைந்து எந்தக் காலமோ ஆகிவிட்டது. காக்காய்கூட அதைக் கண்டு பறக்காது.

நல்ல துப்பாக்கியைக் கூரைக்குள் செருகிவிட்டுத்தான் வந்திருந்தான்.

அதில் என்ன தப்பு என்று அன்றைக்குத் தோன்றவில்லை. கிழங்குக் காட்டைப் பன்றி உழுதுவிட்டுப் போனால் போலீஸா வந்து நட்டுத் தரும்? அவனைப் பார்த்து ஊரில் பாதிப் பேர் ஓட்டையும் உடைசலுமாகக் கொண்டுவந்து போட்டார்கள். திரும்பிப் போகிற வழியெல்லாம் சிரிப்பு. அவனும் சிரித்தான். பெரிய கெட்டிக்காரன் அல்லவா.

கிழங்கு முற்றுகிற சமயத்தில் மச்சினன் தீர்த்தன் வந்து நின்றான். பன்றி இறங்குகிறது, ஒரு ராத்திரிக்கு மட்டும் துப்பாக்கி கொடு மாமா என்றான்.

கொடுத்தான். வெடிமருந்தும் அவனே கெட்டித்துக் கொடுத்தான்.

கிழங்குச் செடி அசைந்தது. தீர்த்தன் சுட்டான்.

பன்றி இல்லை. சடையன். அவனும் தன் காட்டுக்குக் காவல் வந்தவன்தான்.

தீர்த்தன் கீழே ஜெயிலில் இருக்கிறான். துப்பாக்கி ஏது என்று எப்படியெல்லாமோ கேட்டுப் பார்த்தார்கள். காட்டில் கிடந்தது, எடுத்தேன். அதற்கு மேல் அவன் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை.

தம்பியைப் பார்க்கப் பெண்டாட்டி பூங்காவனம் மட்டும் மலை இறங்கிப் போய் வருகிறாள். வந்து அடுப்பு மூட்டுகிறாள். சோறு போடுகிறாள். புருஷன் முகத்தைப் பார்ப்பதில்லை. ஒரு தடவை தட்டை வைத்துவிட்டுச் சொன்னாள்.

"மாமாவ பயப்பட வேணாம்னு சொல்லச் சொன்னான்."

அவன் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு எழுந்தான்.

இன்றைக்கு அவள் வரவில்லை. தலைவலி என்று படுத்துவிட்டாள். இல்லாத தலைவலி. அவனுக்குத் தெரியும்.

முன்வரிசையில் வெள்ளச்சி உட்கார்ந்திருந்தாள். சடையனின் பெண்டாட்டி. மடியில் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தது.

அவளைப் பார்க்கக் கூடாது என்றுதான் வரும்போதே நினைத்திருந்தான். கண் அங்கேயே போனது.

சாவு வீட்டில் அவன் தலையைக் குனிந்து நின்றபோது, அழுதுகொண்டிருந்தவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்.

"எல்லாரும் உன்னாட்டம் அன்னைக்கே குடுத்துருந்தா எம்புருசன் இருந்துருப்பாருண்ணா."

ஊரில் எவனும் அவனை அப்படி அடித்ததில்லை.

இப்போதும் அவள் அவனைத்தான் பார்த்தாள். பேசு என்பதுபோல் தலையை ஆட்டினாள். இவன் பேசினால் நாலு பேர் கேட்பார்கள் என்று அவளுக்கு நம்பிக்கை.

குற்றம் தன்னுடையது. அதில் அவனுக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. சொன்னால் தீர்த்தன் பக்கத்தில் அவனுக்கும் ஓர் இடம் காத்திருக்கிறது. சொல்லாவிட்டால் இந்தச் சால்வை இருக்கிறது.

வாயைத் திறந்தான். மைக்கில் மறுபடியும் மூச்சுதான் வந்தது.

மைக்கைக் கீழே வைத்தான்.

சால்வையை எடுத்து மடித்தான். சரிகை உள்ளே போகும்படி நிதானமாக மடித்தான். தார்ப்பாயை நோக்கி நடந்தான்.

அந்தத் துப்பாக்கியை இனி இங்கே கொண்டுவந்து வைக்க முடியாது. அது கோர்ட்டில் இருக்கிறது.

தார்ப்பாயின் நடுவில் குனிந்தான். துப்பாக்கியை வைக்க வேண்டிய இடத்தில் சால்வையை வைத்தான்.

பின்னாலிருந்து யாரோ கைதட்டினார்கள். கூட யாரும் தட்டவில்லை. அந்தச் சத்தமும் நின்றது.

போன தடவை சிரித்துக்கொண்டு போனவர்கள் ஒவ்வொருவராகத் தலையைத் தாழ்த்திக்கொண்டார்கள்.

"சால்வய எதுக்குப்பா இங்க வெக்கிற?"

ஒரு கேள்வியும் கேட்க மாட்டோம் என்றவர்தான் கேட்டார்.

அவன் நிமிர்ந்தான்.

இன்ஸ்பெக்டரைப் பார்க்கவில்லை. வெள்ளச்சியின் பக்கம் திரும்பினான்.