பிளாட்பாரத்தில் நின்ற பூட்ஸ்

சூரியன் முதலில் உதிக்கும் தீவில் ஒரு சக்கரவர்த்தி இருந்தார். நாட்டை நவீனமாக்க அவர் ரயிலை வரவழைத்தார். தமக்கென்று தோல் பூட்ஸும் வரவழைத்தார்.

முதல் ரயில் புறப்படும் நாளன்று, ஸ்டேஷன் மாஸ்டரின் மரச்செருப்பைப் பார்த்துப் பூட்ஸ் சிரித்தது.

"அடுத்த ஊரில் ஜனங்கள் காத்திருக்கிறார்கள். ராஜா காலில் என்னைப் பார்த்ததும் நாடே பூட்ஸுக்கு மாறிவிடும். உன் காலம் முடிந்தது, பெரியவரே."

"நல்லபடியாகப் போய் வா, தம்பி," என்றது மரச்செருப்பு.

வாசல் என்று ஒன்று இருந்தால் காலணியைக் கழற்றிவிட்டுத்தான் நுழைவது அந்த நாட்டு வழக்கம். ரயில் பெட்டியின் வாசலிலும் சக்கரவர்த்தி பழக்கதோஷத்தில் பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு ஏறினார். ரயில் போய்விட்டது.

மாலையில் ரயில் திரும்பியதும், "என்னைத் தேடினார்களா?" என்று பூட்ஸ் பதறியது.

"யார் தேடினார்கள்? ராஜா வெறுங்காலோடு இறங்கினார். அதுதான் புது நாகரிகம் என்று ஊரே செருப்பை ஆற்றில் வீசிவிட்டது," என்றது ரயில்.

வெறுங்கால் மந்திரிகள் புடைசூழச் சக்கரவர்த்தி இறங்கினார். பூட்ஸ் ஆவலோடு வாயைத் திறந்து காத்திருந்தது. அவர் அதைப் பார்த்தார். மந்திரிகளின் கால்களைப் பார்த்தார். பிறகு, சரளைக்கல் குத்தக் குத்த, கம்பீரமாக நடந்து போனார்.