கதை, இசை: லபீப் ஷுக்ரல்லா

“அப்பா பேர் வருதாம்மா?”

பக்கத்து அபார்ட்மென்ட் ஹலீம் அங்கிள் டி.வி. பக்கம் முகத்தை நீட்டிக்கொண்டு நதாவிடம் கேட்டார். எகிப்துக்காரர், வயது எண்பத்தாறு. கண்ணில் இப்போது வெறும் வெளிச்சம்தான் தெரிகிறது.

அவருடைய அப்பா லபீப், கெய்ரோவில் சினிமா பேசத் தொடங்கிய காலத்தில் பதினோரு படங்களுக்குக் கதை எழுதி, பாட்டுக்கு மெட்டும் போட்டவர். மிஞ்சியது இந்த ஒரு படம்தான். அங்கிளின் மகன் எங்கேயோ தேடிப்பிடித்து அனுப்பியிருந்தான்.

நதாவுக்கு அரபி பேச வராது. காயல்பட்டினத்தில் சின்ன வயதில் குர்ஆன் ஓதக் கற்றவள், எழுத்துக் கூட்டி வாசிப்பாள். அமெரிக்காவில், இந்த ஃப்ரீமான்ட்டில் அதுவே பெரிய விஷயம் என்று அங்கிள் அவளை உட்கார வைத்துவிட்டார்.

டைட்டிலை மூன்று தடவை ஓட்டிப் பார்த்துவிட்டாள். லபீப் எங்கேயும் இல்லை.

அங்கிளின் முகத்தைப் பார்த்தாள். பாவமாக இருந்தது.

“வருது அங்கிள். கதை, இசை: லபீப் ஷுக்ரல்லா. நல்ல பெரிய எழுத்துல.”

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

விஷயத்தைக் கேட்டதும் அவள் கணவன் ஹஸ்னைன் குதித்தான்.

“ஓதக் கத்துக்கிட்ட எழுத்த வச்சா பொய் சொன்னே? அதுவும் கண்ணு தெரியாத மனுஷன்கிட்ட!”

“மனசு கேக்கல மச்சான்.”

“நாளைக்கு வேற யாராச்சும் கரெக்டா வாசிச்சுச் சொன்னா அவர் உடைஞ்சு போயிடுவார். போய் ஸாரி சொல்லு.”

அவன் சொன்னதில் தப்பே இல்லை. அதுதான் நதாவை அரித்தது. மறுநாள் ஆபீஸ் கிளம்புமுன் அங்கிள் வீட்டுக் கதவைத் தட்டினாள்.

“அங்கிள், நேத்து நான் வாசிச்சது... டைட்டில்ல உங்க அப்பா பேர் இல்ல. ஸாரி.”

“தெரியும்மா,” என்று சிரித்தார் அவர். “படமெடுத்த முதலாளி தன் பேரப் போட்டுக்கிட்டான். பதினோரு படத்துக்கும் அதே கதைதான். சின்ன வயசுல தியேட்டர்ல உக்காந்து எத்தனை தடவ தேடியிருக்கேன்!”

“அப்புறம் ஏன் என்னை வாசிக்கச் சொன்னீங்க?”

“அரபி தெரிஞ்ச யார் வந்தாலும் கேப்பேன். மகன், மருமக, டாக்டர்... எல்லாரும் இல்லன்னு சரியாத்தான் சொன்னாங்க.”

தடவிப் பார்த்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

“எங்க அப்பா பேர ஒருத்தர் வாய்விட்டு வாசிச்சு நான் கேட்டது, நேத்துதாம்மா முதல் தடவ. இன்னொரு தரம் வாசியேன்.”